மயிலுக்குப் போர்வை

பேகன் மயிலுக்குப் போர்வை கொடுத்த கதையைத் தமிழ் படித்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. பழனி மலைச் சீமையை ஆண்டவன்; கடையெழு வள்ளல்களில் ஒருவன். மழைக்காலத்தில் மலைச்சாரலில் ஒரு மயில் நடுங்குவதைக் கண்டான். குளிர் தாங்காமல் நடுங்குகிறது என்று நினைத்தான். தன் மேலிருந்த போர்வையை எடுத்து அதற்குப் போர்த்திவிட்டுப் போனான். அன்றிலிருந்து இன்றுவரை அவனை நாம் புகழ்ந்துகொண்டிருக்கிறோம். பாடப் புத்தகத்தில் படம் போட்டுக் குழந்தைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறோம்.

அவனுடையது பெரிய மனம். அதில் எனக்குச் சந்தேகம் கிடையாது. ஆனால் போர்வை மேலே விழுந்த பிறகு அந்த மயில் என்ன செய்தது? உதறிவிட்டு ஓடியதா? பயந்து பறந்ததா? ஆட்டம் பாதியில் நின்று போயிற்றா? யாரும் கேட்டதில்லை. கேட்க வேண்டிய அவசியமும் நமக்கு இருந்ததில்லை. கதை வள்ளலைப் பற்றியது. மயில் அதில் ஒரு சாக்கு.

இந்தக் கேள்வியை எனக்குக் கிளப்பிவிட்டது ஒரு சின்னப் படம். அதைப் பற்றித்தான் இங்கே எழுத உத்தேசம்.

படத்தின் பெயரைத் தமிழில் 'கானெட் பறவைகளின் அந்தரங்க வாழ்க்கை' என்று சொல்லலாம். 1934-இல் எடுத்தது. கறுப்பு வெள்ளைப் படம். கால் மணி நேரத்துக்கு மேல் ஓடாது. எடுத்தவர் ஜூலியன் ஹக்ஸ்லி என்ற ஆங்கிலேய உயிரியல் அறிஞர். நாவலாசிரியர் ஆல்டஸ் ஹக்ஸ்லியின் அண்ணன். டார்வினுக்காக ஊரெல்லாம் வாதாடிய தாமஸ் ஹென்றி ஹக்ஸ்லிக்குப் பேரன். பின்னாளில் 1946-இல் யுனெஸ்கோ ஸ்தாபனத்தின் முதல் தலைமை இயக்குநர் ஆனவரும் இவர்தான். காமிரா பிடித்தவர் ஆஸ்மண்ட் பாரடெயில். அடுத்த சில ஆண்டுகளில் இவரே மைசூருக்கு வந்து, யானைக் கொட்டாரத்துச் சிறுவன் சாபுவை வைத்து எடுத்த 'எலிபெண்ட் பாய்' படத்துக்கும் ஒளிப்பதிவு செய்தார். கூட இருந்து உதவியவர் ரொனால்டு லாக்லி. அந்தக் கடற்பக்கத்திலேயே ஒரு தீவில் குடியிருந்துகொண்டு பறவைகளைக் கவனித்த மனிதர். 1938-இல் ஒரு ரீல் குறும்படத்துக்கான ஆஸ்கார் பரிசு இதற்குக் கிடைத்தது.

வேல்ஸ் நாட்டுக் கரையிலிருந்து சுமார் 13 கிலோமீட்டர் தள்ளி, கடலுக்குள் கிராஸ்ஹோம் என்று ஒரு பாறைத் தீவு இருக்கிறது. மொத்தம் 22 ஏக்கர்தான். நம் பக்கத்தில் நடுத்தரமான ஒரு கண்மாய் அளவு என்று வைத்துக்கொள்ளுங்கள். மனிதர் யாரும் குடியில்லை. ஆயிரக்கணக்கில் கானெட் பறவைகள் அங்கே கூடு கட்டுகின்றன. தூரத்திலிருந்து பார்த்தால் பாறையின் ஒரு பக்கம் சுண்ணாம்பு பூசிய மாதிரித் தெரியும். நெருங்கினால் அந்த வெள்ளை அசைகிறது.

பறவை பெரியது. சிறகை விரித்தால் 6 அடி அகலம். உடம்பு வெள்ளை, சிறகு நுனி கறுப்பு, தலையில் லேசான மஞ்சள் பூச்சு. கூட்டுக்குக் கூடு எவ்வளவு இடைவெளி தெரியுமா? பக்கத்து வீட்டுக்காரனுடைய அலகு எட்டாத தூரம், அவ்வளவுதான். ஆண்டுக்கு ஒரே முட்டை. மற்றப் பறவைகள் வயிற்றுச் சூட்டில் அடை காக்கும். இது சவ்வுக் கால்களை முட்டையின் மேல் வைத்து, பாதத்தின் சூட்டிலேயே பொரிக்கிறது. இரைக்காகக் கடலில் பாயும்போது, 100 அடி உயரத்திலிருந்துகூடச் சிறகை மடக்கிக்கொண்டு ஈட்டி மாதிரி விழுகிறது. அந்த வேகத்தில் தண்ணீரில் மோதினால் மண்டை சிதற வேண்டும். முகத்திலும் மார்பிலும் தோலுக்கடியில் காற்றுப் பைகள் இருப்பதால் பிழைக்கிறது. வெளியே மூக்குத் துவாரமே கிடையாது. இருந்தால் கடல்நீர் உள்ளே பீச்சி அடிக்கும்.

இந்த விவரங்களைப் புத்தகத்திலும் படிக்கலாம். படம் தருவது வேறு. பறவை காற்றில் வரும்போது இருக்கிற மிடுக்கும், தரையில் இறங்கும்போது வருகிற தடுமாற்றமும் ஒரே உடம்பில் இருப்பதைக் காட்டுகிறது. ஜோடிப் பறவை கூட்டுக்குத் திரும்பும்போது இரண்டும் எதிரெதிரே நின்று அலகோடு அலகு உரசிக்கொள்வதைக் காட்டுகிறது. குஞ்சு தாயின் தொண்டைக்குள் தலையை விட்டு இரை எடுப்பதைக் காட்டுகிறது. கடைசியில் அந்தக் கடல் பாய்ச்சல். அந்த இறுதிப் பகுதியை எடுத்துக் கொடுத்தவர் ஜான் கிரியர்சன். டாக்குமெண்டரி என்ற கலைக்கே பெயர் சொல்லுகிறவர்களில் முதல்வர். கண்ணால் பிடிக்க முடியாத அந்த வீழ்ச்சியை மெதுவாக ஓடவிட்டிருக்கிறார்கள்.

இதில் என்னைப் பிடித்து நிறுத்தியது அழகு அல்ல. பொறுமை. ஒரே செய்கையைப் பறவைகள் திரும்பத் திரும்பச் செய்வதைச் சலிக்காமல் காட்டுகிறார்கள். கதை எழுதுகிறவனுக்கு இது பெரிய பாடம். நாம் ஒரு பாத்திரத்தை அறிமுகம் செய்தவுடன் அதை எதையாவது செய்ய வைத்துவிட வேண்டும் என்று பரபரக்கிறோம். பத்திரிகைக்காரர் ஆறு பக்கம் கொடுத்திருக்கிறார். ஏழாவது பக்கத்தில் சோப்பு விளம்பரம். ஹக்ஸ்லிக்கு அந்த அவசரம் இல்லை. அவர் 1912-இல், இளைஞராக இருந்தபோது, லண்டனுக்கு அருகே ஒரு நீர்த்தேக்கத்தின் கரையில் முக்குளிப்பான் வகையைச் சேர்ந்த ஒரு கொண்டைப் பறவையை விடுமுறை நாட்களில் உட்கார்ந்து கவனித்தார். அது ஜோடி சேரும்போது செய்கிற தலையாட்டல்களையும் வணக்கங்களையும் குறித்து, 1914-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார். பறவைகளின் நடத்தையை ஒரு சாஸ்திரமாக ஆக்கியதில் அந்தக் கட்டுரைக்குப் பெரிய பங்கு உண்டு என்கிறார்கள். கையில் இருந்தது ஒரு தூரதரிசனியும் நோட்டுப் புத்தகமும்தான். ஆகவே காமிரா கிடைப்பதற்கு 20 ஆண்டுகளுக்கு முன்பே அவருக்குக் கண் கிடைத்திருந்தது. காமிரா அந்தக் கண்ணுக்குப் பின்னால் போயிற்று. இப்போது பெரும்பாலும் காமிரா முன்னால் போகிறது. கண் மெதுவாகப் பின்னால் வருகிறது.

இத்தனை சொன்ன பிறகு படத்தின் குறையையும் சொல்லத்தான் வேண்டும். குறை பெயரிலேயே தொடங்குகிறது.

'அந்தரங்க வாழ்க்கை' என்ற சொல் எங்கிருந்து வந்தது? படத்துக்குப் பணம் போட்டவர் அலெக்சாண்டர் கோர்டா. அவர் அதற்கு முந்தின ஆண்டு, 1933-இல், 'எட்டாம் ஹென்றியின் அந்தரங்க வாழ்க்கை' என்ற படத்தை எடுத்து உலகம் முழுவதும் பணம் குவித்திருந்தார். ஆறு ராணிகளைக் கட்டி, இரண்டு பேர் தலையை வெட்டிய ராஜாவின் கதை. அந்தப் பெயர் ஓடியது. ஆகவே பறவைக்கும் அதே பெயர். வியாபார சாமர்த்தியம் என்று சிரித்துவிட்டுப் போகலாம். ஆறு பெண்டாட்டிக்காரனின் பெயரை, ஆண்டுதோறும் பழைய கூட்டுக்கே, பெரும்பாலும் பழைய துணையிடமே திரும்பி வருகிற ஒரு பறவைக்குச் சூட்டியது நல்ல வேடிக்கைதான்.

ஆனால் இந்தப் பெயர் நம்மிடம் ஒரு காரியம் செய்கிறது. திரை விலகுவதற்கு முன்பே, 'இது ஒரு குடும்பக் கதை' என்று சொல்லி நம்மை உட்கார வைக்கிறது. அப்புறம் அலகோடு அலகு உரசுவது நமக்கு முத்தமாகிவிடுகிறது. பழைய கூட்டுக்குத் திரும்புவது கற்பாகிவிடுகிறது. குஞ்சுக்கு ஊட்டுவது தியாகமாகிவிடுகிறது. கானெட்டின் பாசம் துணையிடம் எவ்வளவு, கூட்டு மண்ணிடம் எவ்வளவு என்று பிரித்துப் பார்க்க நமக்குத் தோன்றுவதே இல்லை. குஞ்சு கொழுத்து வளர்ந்து ஏறக்குறைய 90 நாளில் பாறையிலிருந்து கடலில் குதித்த பிறகு, தாய் தகப்பன் இரண்டும் அதன் பின்னால் போவதில்லை. இரை பிடிக்கக் கற்றுக் கொடுப்பதும் இல்லை. குடும்பக் கதை என்று உட்கார்ந்தவனுக்கு இது கல்நெஞ்சமாகத் தெரியும். பறவைக்கு அது கல்நெஞ்சமும் இல்லை. முன்னே செய்தது தியாகமும் இல்லை. நாம் போர்த்திய போர்வை இரண்டும்.

ஹக்ஸ்லி இதில் பெரும்பாலும் தப்பித்துக்கொள்கிறார். அவருடைய சாஸ்திரம் அவரைக் காப்பாற்றுகிறது. அவருக்குப் பின்னால் வந்தவர்களில் பலருக்கு அந்தக் காப்பு இல்லை. 1953-இல் வால்ட் டிஸ்னி கம்பெனி 'தி லிவிங் டெசர்ட்' என்ற பாலைவனப் படத்தில், இரண்டு தேள்கள் கொடுக்கோடு கொடுக்குக் கோத்துச் சுற்றுவதற்குக் கிராமத்து நாட்டியச் சங்கீதம் போட்டு, அவற்றை நடனமாட வைத்தது. ஜனங்கள் கைதட்டினார்கள், ஆஸ்காரும் கிடைத்தது. அதே கம்பெனியின் 'வைட் வில்டர்னஸ்' 1958-இல் வந்தது. லெமிங் என்ற எலிப் பிராணிகள் கூட்டங்கூட்டமாகக் கடலில் விழுந்து உயிர்விடுவதை அதில் காட்டினார்கள். விலைக்கு வாங்கி வந்த எலிகளைப் பாறை விளிம்பிலிருந்து மனிதர்களே தள்ளி எடுத்த காட்சி அது என்பதை 1980-களில் கனடாவின் ஒளிபரப்பு நிறுவனம் வெளிப்படுத்தியது. லெமிங் தற்கொலை செய்துகொள்ளும் என்று உலகத்தில் பாதிப் பேர் இன்னும் நம்புகிறார்கள். 2005-இல் வந்த பிரெஞ்சுப் பெங்குயின் படத்தில், மூலப் பதிப்பில் தாய், தகப்பன், குஞ்சு மூன்றுக்கும் நடிகர்கள் குரல் கொடுத்துப் பேச வைத்தார்கள். அண்டார்டிகாவின் பனிக்காற்றில் அவ்வளவு கஷ்டப்பட்டு எடுத்த படம். அதன்மேல் இப்படி ஒரு கம்பளி!

அப்படியானால் பேச்சே வேண்டாமா, வெறும் படத்தை ஓட்டினால் போதுமா என்று வாசகர்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. அவ்வளவு சுலபமாக இதை முடித்துவிட முடியாது.

கானெட் கூட்டை விட்டுக் கிளம்புமுன் கழுத்தை நீட்டி, அலகை நேராக வானத்தைப் பார்த்து நிமிர்த்திக்கொண்டு நிற்கும். பேச்சில்லாமல் அதைப் பார்க்கிற நம்மவர், 'சூரிய நமஸ்காரம் செய்கிறது' என்றுதான் சொல்வார். பிரையன் நெல்சன் என்ற ஆராய்ச்சியாளர் 1960-களின் தொடக்கத்தில் ஸ்காட்லாந்துக் கடலில் உள்ள பாஸ் பாறையில் மனைவியுடன் ஒரு குடிசை போட்டுத் தங்கி, இந்தப் பறவையை ஆண்டுக் கணக்கில் கவனித்தார். 'நான் கிளம்புகிறேன், நீ கூட்டில் இரு' என்று ஜோடிக்குக் காட்டும் சைகை அது என்று அவர் விளக்கினார். இரண்டும் ஒரே நேரத்தில் கிளம்பிவிட்டால் முட்டை நாரைக்காகக் காத்திருக்கும் நண்டு மாதிரி அனாதையாகக் கிடக்க வேண்டியதுதான். கடற்காகங்கள் கொத்திக்கொண்டு போய்விடும். இதைச் சொல்ல ஒரு குரல் வேண்டும். குஞ்சு தாயின் தொண்டைக்குள் தலையை விடும்போது, தாய் அதை விழுங்குகிறது என்று பயப்படுகிறவர்களுக்கும் ஒரு குரல் வேண்டும்.

ஆகவே சொல்லில் இரண்டு ஜாதி உண்டு என்று எனக்குத் தோன்றுகிறது. ஒன்று, நம் கண்ணில் ஏற்கனவே விழுந்து கிடக்கும் போர்வையை விலக்குகிற சொல். மற்றொன்று, புதிதாக ஒரு போர்வை போடுகிற சொல். முதல் ஜாதிச் சொல்லைச் சொல்ல, சொல்லுகிறவன் பல நாள் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். இரண்டாவதற்கு நல்ல குரல் இருந்தால் போதும்.

நம் நாட்டில் விவரணப் படம் என்றால் ஜனங்கள் முகம் சுளிப்பதற்கும் இதுவே காரணம். தமிழர்கள் இந்தத் துறையில் பிந்தியவர்கள் அல்ல. புதுக்கோட்டைக்குப் பக்கத்திலே, கோட்டையூரைச் சேர்ந்த ஏ. கே. செட்டியார், உலகமெல்லாம் அலைந்து துண்டுத் துண்டாகப் படச்சுருள் சேகரித்து, 1940-இலேயே காந்தியடிகளைப் பற்றிய முழு நீளப் படத்தைக் கொண்டுவந்தார். ஆனால் 1948-இல் அரசாங்கத்தின் பிலிம்ஸ் டிவிஷன் ஏற்பட்டு, கொட்டகைகளில் கதைப் படத்துக்கு முன்னால் விவரணப் படம் போட்டே ஆக வேண்டும் என்று வந்த பிறகு, அது முறுக்கு வாங்குகிற நேரமாகிவிட்டது. எத்தனையோ நல்ல காமிராக்காரர்கள் அதில் வேலை செய்தார்கள். ஆனால் அந்தக் குரல்! அணைக்கட்டானாலும் யானையானாலும் ஒரே ஸ்தாயி. ஒரு விநாடி மூச்சு விடாது. பார்க்கிறவன் தானாக ஒன்றைக் கண்டுபிடித்துவிடக் கூடாது என்று கங்கணம் கட்டிக்கொண்ட குரல்.

இந்த வியாதி சினிமாவோடு வந்ததல்ல. நமக்குப் பழையது. நம் இலக்கண மரபு திணைக்குத் திணை பறவையை வகுத்து வைத்தது. குறிஞ்சிக்கு மயிலும் கிளியும், பாலைக்குப் பருந்தும் கழுகும். அந்த வகுப்புக்குப் பின்னால் நிச்சயமாக நல்ல கண்கள் இருந்திருக்கின்றன. சங்கப் புலவர்கள் வெளியே நின்று பார்த்தவர்கள். ஆனால் ஒருவன் பார்த்ததை அடுத்தவன் பார்க்காமலே வாங்கிக்கொண்டான். அப்படி வாங்கி வாங்கி, அன்னம் பாலையும் தண்ணீரையும் பிரித்தது. சகோரம் நிலவைக் குடித்தது. கிளியும் நாரையும் நாகணவாயும் காதலர்களுக்குத் தபால் வேலை பார்த்தன. கவிதைக்கு அதனால் லாபம் உண்டு, மறுக்கவில்லை. பறவைக்கு என்ன லாபம் என்பதுதான் கேள்வி.

தூக்கணாங்குருவி கூட்டுக்குள் களிமண் வைத்து, அதில் மின்மினியைப் பதித்து விளக்கேற்றிக்கொள்ளும் என்று எங்கள் பக்கத்துப் பாட்டிமார் ஒருவர் தவறாமல் சொல்வார்கள். கிணற்றடிப் பனையில் கூடு தொங்காத ஊர் புதுக்கோட்டைச் சீமையில் ஒரு காலத்தில் கிடையாது. அந்தக் கூடுகளை நாம் எல்லோரும் அண்ணாந்து பார்த்திருக்கிறோம். மேலே என்ன நடக்கிறது என்று கவனித்தவர் சலீம் அலி. 1930-இல் பம்பாய்ப் பக்கம் கிஹிம் என்ற கடற்கரை ஊரில், மாதக்கணக்கில் அவற்றைப் பார்த்துக்கொண்டே இருந்தார். கூடு கட்டுவது ஆண். பாதிக் கூடு ஆனதும் பெண் குருவிகள் வந்து உள்ளே புகுந்து சோதிக்கின்றன. ஒருத்திக்குப் பிடித்து அவள் குடியேறியதும், ஆண் கூட்டை முடித்துக் கொடுத்துவிட்டு அடுத்த கூட்டைத் தொடங்குகிறது, அடுத்த பெண்ணுக்காக! மின்மினி விளக்கைவிட இந்த உண்மை எவ்வளவு சுவாரஸ்யம், பாருங்கள். கற்பனை உண்மையைவிடக் குறைவாகவே கற்பனை செய்கிறது என்பதை நாவல் எழுதுகிறவர்கள் ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும்.

நாவல் என்றதும் ஞாபகம் வருகிறது. தமிழின் ஆதி நாவல்களில் ஒன்றான 'பத்மாவதி சரித்திர'த்தை எழுதிய அ. மாதவையாவின் புதல்வர்தான் மா. கிருஷ்ணன். 1950 முதல் 1996-இல் காலமாகும் வரை கல்கத்தா 'ஸ்டேட்ஸ்மன்' பத்திரிகையில் காட்டுயிர்களைப் பற்றி இடைவிடாமல் எழுதினார். தமிழிலும் எழுதியிருக்கிறார். பறவையைப் பறவையாக விட்டு எழுதுவது தமிழில் முடியாத காரியம் அல்ல என்பதற்கு அவர் ஒருவரே போதும். தகப்பனார் மனிதர்களைப் பார்த்த கண்ணோடு மகன் காக்கையைப் பார்த்தார்.

பேச்சில்லாமல் காட்டுவதும் எங்கள் மண்ணுக்குப் புதிது அல்ல. சித்தன்னவாசல் குகைக் கோயிலின் விதானத்தில், ஒன்பதாம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கருதப்படும் தாமரைக் குளம் இருக்கிறது. சமணர்களின் சமவசரணத்தைச் சேர்ந்த குளம் என்று அறிஞர்கள் சொல்கிறார்கள். இருக்கட்டும். அந்தக் குளத்தில் மீன் நீந்துகிறது. யானையும் எருமையும் இறங்கியிருக்கின்றன. தாமரை இலைகளுக்கு நடுவே பறவைகள் தம் பாட்டுக்கு இருக்கின்றன. யாருக்கும் வாகனம் அல்ல, யாருக்கும் தூது அல்ல. பக்கத்திலே பூப்பறிக்கிற மனிதர்களைக்கூட அவை பொருட்படுத்தவில்லை. பக்தியோடுதான் வரைந்திருக்கிறான், ஆனால் வரைவதற்கு முன்னால் ஒரு குளக்கரையில் உட்கார்ந்திருந்தவன் அவன்.

அந்தச் சித்தன்னவாசல் இருக்கிற அதே மாவட்டத்தில்தான் விராலிமலையும் இருக்கிறது. மலைமேல் முருகன், பாறைகளிலும் புதரிலும் காட்டு மயில்கள். வெளியூரிலிருந்து வருகிறவர்களுக்கு அது கண்கொள்ளாக் காட்சி. முருகனுடைய வாகனம் என்பதால் ஜனங்கள் அவற்றை நெடுங்காலம் தொட்டதில்லை. 1963-இல் மயில் தேசியப் பறவையாயிற்று. 1972-இல் வந்த வனவிலங்குச் சட்டம் அதைக் கொல்வதைப் பெரிய குற்றமாக்கியது. இது ஒரு போர்வை, பட்டுப் போர்வை.

மலையை விட்டு இறங்கிக் கொஞ்ச தூரம் போனால் இன்னொரு போர்வை காத்திருக்கிறது. கடலை விதைத்த ஒரு விவசாயி சொன்னார்: "சாமி வாகனம்னு சும்மா விட்டா, விதைச்சதை வரிசை பிடிச்சுல்ல கிளறித் தின்னுது, அண்ணே. நாங்க யாருகிட்டப் போயிச் சொல்றது?" அவர் சொல்வதில் பொய் இல்லை. தமிழ்நாட்டில் மயில் பெருகிவிட்டது என்ற பேச்சு எல்லா மாவட்டத்திலும் இருக்கிறது. வயலோரத்தில் விஷம் தின்று மயில்கள் செத்துக் கிடந்த செய்தியையும் அவ்வப்போது பத்திரிகையில் படிக்கிறோம். மலைமேல் தெய்வம், வயலில் திருடன். இரண்டு பெயருக்கும் நடுவில் ஒரு பறவை இருக்கிறது. அது ஆண்டு முழுவதும் எதைத் தின்கிறது, எங்கே முட்டையிடுகிறது, எந்தக் காடு போனதால் இந்த வயலுக்கு வந்தது, அதன் முட்டையையும் குஞ்சையும் தின்றுகொண்டிருந்த நரியும் கீரியும் என்ன ஆயின? இதையெல்லாம் பார்த்துச் சொன்னால் விவசாயிக்கும் பயன் உண்டு, பறவைக்கும் பயன் உண்டு. பாட்டும் வசவும் இரண்டுக்கும் பயன்பட்டதில்லை.

விராலிமலை மயிலைப் பற்றி ஒரு கால் மணி நேரப் படத்தை யாராவது எடுக்க வேண்டும் என்பது என் ஆசை. அதில் தோகை விரித்த ஆண் மட்டும் இருந்தால் போதாது. பருவம் முடிந்ததும் அந்தத் தோகை முழுவதையும் உதிர்த்துவிட்டு மொட்டை வாலோடு திரிகிற ஆணும் வர வேண்டும். தரையில் ஒரு குழியில் நாலைந்து முட்டையிட்டு, ஆணின் உதவி கொஞ்சமும் இல்லாமல் 28 நாள் அடைகாக்கிற பெண் வர வேண்டும். நம் பாட்டிலும் படத்திலும் அவளுக்கு இடமே இல்லை. முருகன்கூட அவள்மேல் ஏறுவதில்லை. கடலைக்காட்டு வரப்பும் வர வேண்டும், விவசாயியின் முகமும் வர வேண்டும். குரல் இருக்கட்டும், ஆனால் ஒரு வருஷம் வாயை மூடிக்கொண்டு மலையடிவாரத்தில் உட்கார்ந்திருந்தவருடைய குரலாக இருக்கட்டும்.

படம் எடுத்து என்ன ஆகப் போகிறது என்று கேட்பவர்களுக்கு ஒன்று சொல்வேன். 2022-இல் பறவைக் காய்ச்சல் கிராஸ்ஹோம் தீவுக்கு வந்தது. அடுத்த ஆண்டு எண்ணியபோது கானெட் கூடுகள் ஏறக்குறையப் பாதியாகக் குறைந்திருந்தன. ஹக்ஸ்லி அங்கே படம் எடுத்து அப்போது ஏறக்குறைய 90 ஆண்டுகள் ஆகியிருந்தன. அந்தப் பாறையில் அன்று பறவைகள் எப்படி நெருக்கியடித்துக்கொண்டிருந்தன, எப்படி இறங்கின, எப்படித் தலைவணங்கின என்பதற்கு இன்று அந்தப் பழைய கறுப்பு வெள்ளைச் சுருள் ஒரு சாட்சி. அதில் உள்ள குடும்பக் கதை சாட்சி சொல்லாது. அதில் உள்ள பறவைதான் சொல்லும்.

இனிப் பேகனிடம் திரும்பலாம். மயில் தோகையை விரித்து நிற்கும்போது அந்த இறகுகள் உண்மையாகவே அதிர்கின்றன. 2016-இல் வெளியான ஓர் ஆராய்ச்சியில், அதிவேகக் காமிராவில் படம் பிடித்து எண்ணிப் பார்த்தார்கள். விநாடிக்குச் சுமார் 25 தடவை தோகை நடுங்குகிறது. அவ்வளவு நடுக்கத்திலும், தோகைக் கண்கள் மட்டும் ஏறக்குறைய அசையாமல் அந்தரத்தில் மிதப்பதுபோல் நிற்கின்றன. எதிரே நிற்கிற பெண் மயிலுக்காகத்தான் இத்தனையும்.

ஆகவே பேகன் நடுக்கத்தைக் கண்டது உண்மை. மழை மேகத்துக்கடியில், கானலிலும் புகையிலும் அல்ல, கண்ணெதிரே கண்டான். நம்மில் பலரைவிட அவன் கூர்மையாகத்தான் பார்த்திருக்கிறான். இன்னும் ஒரு நாழிகை பொறுத்து நின்றிருந்தால், புதர் மறைவிலிருந்து பெண் மயில் வருவதையும் கண்டிருப்பான். ஆனால் அவனுக்கு இரக்கம் முந்திக்கொண்டது. அதே பேகன் தன் மனைவி கண்ணகியைப் பிரிந்திருந்தான் என்றும், அவள் துயரத்தைப் பார் என்று புலவர்கள் அவனிடம் போய் வேண்டினார்கள் என்றும் புறநானூறு சொல்கிறது. காட்டு மயிலின் நடுக்கம் தெரிந்தவனுக்கு வீட்டிலிருந்த பெண்ணின் நடுக்கத்தை வேறொருவர் வந்து சொல்ல வேண்டியிருந்தது.

இரக்கம் நல்ல குணம். ஆனால் அது பார்ப்பதற்குப் பதிலாக வந்து நிற்கக் கூடாது. கதை எழுதுகிற எங்களுக்கும் சரி, படம் எடுக்கிறவர்களுக்கும் சரி, போர்வை எப்போதும் தோளிலேயே தயாராக இருக்கிறது. அதைக் கொஞ்ச நேரம் தோளிலேயே வைத்துக்கொண்டு நிற்கத் தெரிந்தவர்கள் எடுத்த படம், கானெட் படம். குறைகளோடும் அது நல்ல படம். தேடிப் பிடித்துப் பாருங்கள். பார்த்துவிட்டு, அடுத்த தடவை விராலிமலைக்குப் போகும்போது கோபுரத்தைப் பார்த்த பிறகு பாறைப் பக்கமும் கொஞ்ச நேரம் பேசாமல் நின்று பாருங்கள்.